முதல் கோலுக்கு ஒரு மீன்

இல்ல சார், தெரியாமத்தான் கேக்கறேன்... ஒரு மீனு. ஒரே ஒரு மீனு. அதுக்குப் போயி இவ்ளோ பெரிய சட்டமா? எட்டு காலேஜு சேந்து ஐஸ் ஹாக்கி ஆட ஒரு கான்ஃபரன்ஸாம், அதுக்கு ஒரு தலைவராம், அவருக்கு ஒரு ஆபீஸாம், அந்த ஆபீஸுல ஒருத்தரு மண்டையப் பிச்சுக்கிட்டு யோசிச்சு எழுதியிருக்காரு, "இறந்த மீன்களை ஆடுதளத்தில் வீசுதல் கூடாது"ன்னு! அப்ப உயிரோட இருக்கற மீன வீசலாமான்னு ரசிகருங்க மீட்டிங்குல எந்திரிச்சு கேட்டேன் சார். ஒருத்தன் சிரிக்கல. எல்லாம் இஞ்சி தின்ன மாதிரி உக்காந்திருந்தானுங்க.

நீங்க நல்லா சாஞ்சு உக்காருங்க. அது என் பொண்டாட்டி சீட்டுதான், பரவால்ல. அவதான வாசல்ல நின்னு டிக்கெட்ட உங்களுக்குக் குடுத்தா? சும்மாவே குடுத்துட்டாளா! பாருங்க, என் பக்கத்துல உக்காரறதுக்குப் பதிலா கான்ஃபரன்ஸு ஃபைனலு டிக்கெட்ட எவனுக்கோ சும்மா... சாரி சார், உங்கள எவன்னு சொல்லல. அந்தா, எதிர்த்தாப்புல, பச்சைக் குல்லா, கையக் கட்டிக்கிட்டு உக்காந்திருக்கா பாருங்க, அவதான் லாரீன். நாங்க பாக்கறது எங்க சொந்தப் புள்ள ஆடற மேட்சு, அவ அங்க, நான் இங்க. ஏன்னு கேளுங்க... கேக்க மாட்டீங்களா? சரி, நானே சொல்றேன். எல்லாம் இந்த மீனுதான்.

ஏய் ஏய் ஏய்! தள்ளிட்டான் பாத்தீங்களா! முதுகுல தள்ளுறான்! ரெஃபரி! கண்ணு என்ன பாக்கெட்டுலயா இருக்கு? ...ஊதல பாருங்க. ஊத மாட்டான். அவன் மூணு பீரியடா இப்படித்தான். நம்ம பையன் மூச்சு விட்டா ஊதறான், எதிர் டீமு மெரிடன்காரன் மட்டையால மண்டையப் பொளந்தாலும் ஐஸு நல்லாருக்கான்னு குனிஞ்சு பாக்கறான்.

கடைசி பீரியடு, மூணாவது பீரியடும் முடியப் போவுது, ஸ்கோரு பாருங்க. சைபர், சைபர். மெரிடன் கோலி, அதான் கோலு விழாம காக்கறவன், என்னமோ கோட்டைச் சுவர் மாதிரி நிக்கறான்னு பேப்பருல எழுதறாங்க. கோட்டையாவது சுவராவது. நம்ம பசங்க அவன் நெஞ்சப் பாத்து அடிக்கறானுங்க, அவன் நின்னுக்கிட்டே வாங்கிக்கறான். நான் ஒரு கதவக் கழட்டிக் கொண்டாந்து நிறுத்துனாலும் அது புடிக்கும் சார். கேக்குதா, ஸ்டூடண்டுங்க கத்தறது? "சல்லடை! சல்லடை! எல்லாம் உன் தப்பு!" எதிரி கோலிக்கு நாங்க பாடற தாலாட்டு அது. நானும் அந்த காலேஜுல படிக்கறப்ப கத்தியிருக்கேன். படிச்சேனான்னு கேக்காதீங்க, கத்தினேன்.

எங்க விட்டேன்? ஆங், மீனு. நீங்க வெளியூரு, உங்களுக்குத் தெரியாது. இந்த காப்பர் கோவு ஊருல எங்க பசங்க மொத கோலு போட்டா ஐஸுல ஒரு வெள்ளைமீன் விழணும். விழணும்னா விழணும், அவ்ளோதான். லாரீனோட அப்பா, என் மாமனாரு, மீன் கடை வச்சிருந்தாரு, அவருதான் ஆரம்பிச்சாரு. ஏன் ஆரம்பிச்சாருன்னா... ஒண்ணுமில்ல, அன்னிக்கு விக்காத மீனு ஒண்ணு கையில இருந்துச்சு, கோலு விழுந்துச்சு, எறிஞ்சுட்டாரு. அதுலேர்ந்து அது எங்க குடும்பத்து உரிமை. அவருக்கப்புறம் யாரு? அவரு மகன் வெண்டலு, என் மச்சான். அந்தா, கீழ ரெண்டாவது வரிசையில, பெரிய முதுகு, அரக்கு கோட்டு. அவனுக்குத் தோள்பட்டை இறங்கிப் போச்சு, எறிஞ்சா மீனு தளத்தச் சுத்தியிருக்கற கண்ணாடியத் தாண்டாம மொத வரிசைக்காரன் மடியில விழும். ஒருவாட்டி ஒரு பாதிரியாரு மடியில விழுந்துச்சு. அதனால உரிமை என் கைக்கு வந்துச்சு. நான் சின்ன வயசுல பேஸ்பால் பந்து எறிஞ்சவன் சார். என் மீனு நடு ஐஸுல விழும், எறிஞ்சா எறிஞ்ச எடம்.

இப்ப சட்டம் என்னன்னா, எறிஞ்சா எறிஞ்ச உடனே எங்க டீமுக்கு ரெண்டு நிமிஷம் தண்டனை. எச்சரிக்கை கிச்சரிக்கை எதுவும் கிடையாது. எங்காளு ஒருத்தன் தண்டனைப் பெட்டிக்குள்ள போயி உக்காரணும், மிச்சம் இருக்கறவனுங்க ஒரு ஆளு கொறச்சலா நின்னு அடி வாங்கணும். இத மீட்டிங்குல படிச்சாங்க. படிச்சு முடிக்கறதுக்குள்ள, மொத கையத் தூக்கி "நான் ஒத்துக்கறேன், இந்த வருஷம் மீன் வேணாம்"னவன் யாரு தெரியுமா? வெண்டலு! மீன் கடைக்காரன்! அவங்கப்பன் தொடங்கி வச்ச வழக்கம்! எனக்கு அப்படியே பத்திக்கிட்டு வந்துச்சு. அன்னியிலேர்ந்து அவன் கடைப் பக்கமே போறதில்ல. கருவாட்டுக்குக் கூட அடுத்த ஊருக்குப் போறேன். பெட்ரோலுதான் கட்டுபடியாகல.

...பீரியடு முடிஞ்சுது. ஓவர்டைமு. பார்த்தீங்களா, நான் சொன்னேன்ல. இனிமே யாரு மொதல்ல கோலு போடறாங்களோ அவங்களுக்குக் கோப்பை. கோப்பை கிடக்குது சார், பித்தளை, உள்ள சூப்பு கூட ஊத்த முடியாது. ஜெயிச்சவங்க நேரா தேசியப் போட்டிக்குப் போவாங்க, அதான் விஷயம். தோத்தா பஸ்ஸு, வீடு, படுக்கை. எங்க புள்ள கேலப்புக்கு இது காலேஜுல கடைசி வருஷம். மாத்தி மாத்தி எறக்கறதுல கடைசி செட்டுல ஆடறான், கோச்சு அவன உப்புக் கல்லு மாதிரி அப்பப்ப எடுத்துத் தூவறாரு. இன்னிக்குத் தோத்தா அவன் ஸ்கேட்ட கழட்டி வச்சிட்டு இன்ஷூரன்ஸ் ஆபீஸுல போயி உக்கார வேண்டியதுதான். நாலு வயசுலேர்ந்து சார்... எங்க வீட்டுப் பின்னாடி தோட்டத்துல தண்ணிய ஊத்தி ஒறைய வச்சு நானே தளம் போட்டுக் குடுத்தேன். இவன் எந்திரிக்கறதுக்கு முன்னாடி நான் எந்திரிச்சு தண்ணி ஊத்துவேன். கையெல்லாம் வெடிச்சுப் போவும். அத நான் யாருகிட்டயும் சொன்னதில்ல.

பாப்கார்ன் எடுத்துக்கலாமா? தாங்க்ஸு. ...என்ன மூக்க உறிஞ்சறீங்க? ஜலதோஷமா? என்ன வாடை? எனக்கு ஒண்ணும் வரலியே. இந்த ஹாலே அப்படித்தான், பசங்க பிப்ரவரியிலேர்ந்து உள்சட்டைய தோய்க்கல. தொடர்ந்து ஜெயிக்கறப்ப தோய்ச்சா அதிர்ஷ்டம் தண்ணியோட போயிரும். லாரீன் கேலப்போட சட்டைய இடுக்கியால எடுத்துப் பின் வாசல்ல தொங்க விடறா, நாய் கூட அந்தப் பக்கம் போறதில்ல.

...சரி. நீங்க நல்ல மனுஷனா தெரியறீங்க. கிட்ட வாங்க. யாருகிட்டயும் சொல்லிடாதீங்க. அது சட்டையில்ல. மீனுதான். கொண்டாந்துட்டேன்.

இங்க, பனிக் கால்சட்டைக்குள்ள, தொடையோரம். வாசல்ல பையெல்லாம் தொறந்து பாக்கறாங்கல்ல, அதான். உள்ள வர்றப்ப கல்லு மாதிரி இருந்துச்சு, கால மடக்க முடியல. சோதனை பண்ற பொண்ணு, "என்னாச்சு அங்கிள்?"னா. மூட்டுவலின்னேன். அய்யோ பாவம்னு என் கையப் புடிச்சு இந்த எட்டாவது வரிசை வரைக்கும் ஏத்தி விட்டுட்டுப் போச்சு. நல்ல பொண்ணு. இப்ப மூணு மணி நேரமா என் தொடைச் சூட்டுல இளகிப் போயி... ஒரு வகையில நல்லதுதான். ஒறைஞ்ச மீனு விழுந்தா வழுக்கிக்கிட்டு ஓடிரும். இளகுன மீனுதான் "சப்"புன்னு விழுந்த எடத்துல கிடக்கும்.

அப்படிப் பாக்காதீங்க சார். நான் என்ன முட்டாளா? காலையில கேலப்பு சாப்புடறப்ப சொன்னான், "அப்பா, இன்னிக்கு மீன் வேணாம்பா, ப்ளீஸ்"ன்னான். சரிடான்னேன். சத்தியமா சொல்றேன், மனசாரத்தான் சொன்னேன். அப்புறம் அவன் போயிட்டான், நான் ஃப்ரிட்ஜத் தொறந்தேன், அது என்னையே பாத்துக்கிட்டு கிடந்துச்சு. பெத்த புள்ளையோட கடைசி ஃபைனலு, வழக்கத்த விட்டுட்டு, அதனால தோத்துப் போயிட்டா? அந்தப் பழி யாருக்கு? லாரீன் என் நடையப் பாத்தே கண்டுபுடிச்சுட்டா. மூட்டுவலிக் கதையெல்லாம் அவகிட்ட செல்லாது. "ஒண்ணு அது வீட்டுக்குப் போகணும், இல்ல நான் எதிர்ப்பக்கம் போறேன்"னா. அதான் நீங்க இங்க.

ஆனா ஒண்ணு கவனிச்சீங்களா? அடக்கிக்கிட்டு இருந்தேன்ல? இப்பதான் விஷயமே. ஓவர்டைமுல மொத கோலு எது? அதுதான் கடைசி கோலு! கோலு விழுந்தா ஆட்டம் முடிஞ்சுது. ஆட்டமே முடிஞ்சப்புறம் யாருக்குத் தண்டனை குடுப்பான்? பெட்டியில யாரு உக்காருவான், பெருக்கறவனா? ஹஹ்ஹஹ்ஹா! சட்டம் எழுதுன புத்திசாலிக்கு அந்த ஓட்டை தெரியல பாருங்க. எனக்குத் தெரிஞ்சுது. வெண்டலுக்குத் தெரிஞ்சுதா? அவன் கைய மொதல்ல தூக்குவான், மூளைய அப்புறம் தூக்குவான்.

ஆரம்பிச்சுட்டாங்க. உஷ்... நான் பேசல. பேசறேனா? பேசல.

போ... போ... அப்படித்தான்... அய்யோ, அவன்கிட்ட ஏன்டா குடுத்த! ...வந்துருச்சு, நம்மகிட்ட வந்துருச்சு... நீலக் கோட்டத் தாண்டிட்டான்... யாரு அது, கேலப்பா? கேலப்பு உள்ள எறங்கியிருக்கான்! கோச்சுக்கு இப்பதான் கண்ணு தொறந்துச்சா... குடுடா அவனுக்கு! குடுத்துட்டான்! அடி! அடிடா கண்ணு!

வெளக்கு! செவப்பு வெளக்கு! கோலு! சார், கோலு! என் மவன்! என் மவன் சார்! தள்ளுங்க, கைய எடுங்க, ஜிப்பு மாட்டிக்கிச்சு... வந்துரு ராசா, வந்துரு... ம்ம்ம்... போ!

பாத்தீங்களா! நடுவுல! வட்டத்துக்கு நட்ட நடுவுல! "சப்"புன்னு கேட்டுச்சா? அதான் எறி! வெண்டலு, பாருடா! உங்கப்பன் இருந்திருந்தா அழுதிருப்பாருடா!

...என்ன? ஏன் ரெஃபரி கையக் கையக் காட்டறான்? கட்டிப் புடிக்கறத நிறுத்தச் சொல்றானா? எதுக்குக் காதுல ஹெட்ஃபோன மாட்டிக்கறான்? வீடியோவா? கோலு விழுந்து வெளக்கு எரிஞ்சப்புறம் வீடியோவுல என்ன பாக்கறது, சினிமாவா? ...ஆஃப்சைடா? யாரு ஆஃப்சைடு? பக்கு, அந்தக் கறுப்பு வட்டு, நீலக் கோட்டத் தாண்டறதுக்கு முன்னாடி நம்மாளு ஒருத்தன் கால உள்ள வச்சிட்டானாமா? எவ்ளோ? பெரிய திரையில போடறான் பாருங்க... எங்க? எனக்குக் கோடே தெரியல. உங்களுக்குத் தெரியுதா? என்ன சார் தலையாட்டறீங்க? நீங்க மெரிடன்காரரா?

கோலு இல்லையாம்.

சரி. சரி, பரவால்ல. ஆட்டம் நடக்கும். கேலப்பு இன்னொண்ணு போடுவான். நடக்கும்ல? ...

ஏன் எல்லாரும் மீனப் பாக்கறாங்க?

இல்லல்ல. அது ஆட்டம் முடிஞ்சப்புறம் எறிஞ்சது. முடிஞ்சுதுன்னு நெனச்சு எறிஞ்சது. வெளக்கு எரிஞ்சுதா இல்லையா? அவன் வெளக்கப் போட்டதனாலதான நான் போட்டேன்! முடியலன்னா வெளக்க எதுக்குப் போட்டான்? தப்பு வெளக்கு மேலதான? ...ரெண்டு நிமிஷம்னு காட்டறான். எங்களுக்கு. அட அநியாயமே. அட படுபாவி.

அந்தா ஒருத்தன் பனி அள்ற தட்டுல மீன எடுத்துட்டுப் போறான். என்ன பவ்யம் பாருங்க, மாப்பிள்ளைக்கு சாப்பாடு கொண்டு போற மாதிரி.

யாரு பெட்டிக்குப் போறாங்க? தண்டனை டீமுக்குத்தான், யாரை வேணா உக்கார வைக்கலாம். கோச்சு யாரையோ கையக் காட்டறாரு... இல்ல. இல்ல இல்ல. கேலப்பு வேணாம்! யோவ் கோச்சு! அவன எதுக்குய்யா! மீன எறிஞ்சவன் ஒருத்தன், பெட்டியில உக்காரறவன் ஒருத்தனா! என்ன நியாயம் இது! ...என்ன சார்? நான் என்ன சொன்னேன்? "ஒருத்தன்"னுதான சொன்னேன். பொதுவா சொன்னேன்.

உக்காந்துட்டான். ஹெல்மெட்ட கழட்டிட்டான். இங்க பாக்கறானா? பாக்கல. தலையத் தொங்க விட்டுத் தரையப் பாக்கறான். சின்ன வயசுல கண்ணாடி ஒடைச்சா அப்படித்தான் உக்காருவான்.

ஸ்டூடண்டுங்களப் பாருங்க. மெரிடன் கோலிய விட்டுட்டாங்க. நம்ம பக்கமா திரும்பி நின்னு கத்தறாங்க, "எல்லாம் உன் தப்பு! எல்லாம் உன் தப்பு!"ன்னு. யாரப் பாத்து? அவங்களுக்குத் தெரியாது. பொதுவா கத்தறாங்க. நீங்களும் கத்துங்க சார், சும்மா இருந்தா சந்தேகம் வரும். எல்லாம் உன் தப்பு! ...கத்துங்க!

சார், ஒரு யோசனை. தப்பா எடுத்துக்காதீங்க. நீங்க வெளியூரு. நாளைக்குக் காலையில வண்டியேறிட்டா இந்த ஊருக்கு நீங்க யாரோ, நாங்க யாரோ. நான் இங்கதான் சாகற வரைக்கும் ரொட்டிக் கடைக்குப் போவணும், சர்ச்சுக்குப் போவணும். ஒருவேளை யாராவது கேட்டா... கேக்க மாட்டாங்க, ஒருவேளை கேட்டா... நீங்கதான் எறிஞ்சீங்கன்னு சொல்லிடலாமா? ஆர்வக் கோளாறுல எறிஞ்சிட்டாருன்னு நானே எடுத்துச் சொல்றேன். வெளியூருக்காரரு, பாவம், சட்டம் தெரியாதுன்னு. விருந்தாளின்னா எங்க ஊருல மன்னிச்சுருவாங்க சார். எங்க ஊரு ஜனங்க ரொம்ப நல்லவங்க.

ஏன் சார் தள்ளி உக்காரறீங்க? நான் சும்மா ஒரு பேச்சுக்குச் சொன்னேன்.

அடிக்கறான்... நம்ம கோலி புடிச்சுட்டான்! நல்லா புடிச்சான்! இன்னும் கொஞ்சந்தான்... மறுபடியும் அடிக்கறான்... தட்டு, தூரத் தட்டு... தட்டிட்டான்! கேலப்பு எந்திரிச்சு கதவுகிட்ட நின்னுட்டான் பாருங்க, தண்டனை முடியப் போவுது, முடிஞ்சா நேரா ஓடுவான், போடுவான், நான் சொல்றேன், அவன்தான் போடப் போறான், கெட்டதுலயும் ஒரு நல்லது... ஏய்... ஏய் அவனப் புடி... ஒத்தையா நிக்கறான் புடி...

...

...

செவப்பு வெளக்கு. அந்தப் பக்கம்.

இதுக்கு வீடியோ பாக்க மாட்டானா? இதுக்குப் பாக்க மாட்டான்.

கதவு இப்பதான் தொறக்குது. கேலப்பு வெளிய வரான். மெரிடன்காரனுங்க குவியலா விழுந்து கிடக்கறானுங்க, இவன் அவனுங்கள சுத்திப் போறான்.

வலிக்குது சார். நெஞ்சுக்கு உள்ள, இந்த எடத்துல.

யாரு அது கீழ? செக்யூரிட்டி. எங்க போறாங்க? ரெண்டாவது வரிசைக்கா? வெண்டலுகிட்ட! ஹா... மீனுன்னா மீன் கடைக்காரன், வேற யாரத் தேடுவாங்க! எல்லாரும் திரும்பி அவனத்தான் பாக்கறாங்க. நல்லா வேணும்! மொதல்ல கையத் தூக்குனான்ல, இப்பவும் தூக்கட்டும்! சட்டம் பேசுனவனுக்குச் சட்டம்! ...எந்திரிக்கறான். இப்பப் பாருங்க, நேரா என் பக்கம் விரல நீட்டுவான். அவனுக்குத் தெரியும். இந்த ஊருல கண்ணாடியத் தாண்டி நடு வட்டம் வரைக்கும் எறியறவன் வேற யாருன்னு அவனுக்குத் தெரியாதா? நீட்டுவான் பாருங்க.

...நீட்டல.

இங்க திரும்பிப் பாத்தான் சார். பாத்துட்டு, குல்லாவ எடுத்துக்கிட்டு, அவங்க கூடவே படியேறிப் போறான். ஒரு வார்த்தை சொல்லல. ஏன் சொல்லல? சார், அவன் ஏன் சொல்லல? எவனோ பேப்பர் கப்ப அவன் மேல எறியறான். அவன் துடைச்சுக்கிட்டுப் போறான்.

லாரீன் எந்திரிச்சு நிக்கறா. அவளுக்கு அண்ணன். அவ அவனப் பாக்கல, என்னப் பாக்கறா. கேலப்பும்... கை குலுக்கற வரிசையில கடைசியா நிக்கறான், எல்லாரு கையும் குலுக்கறான், ஆனா கண்ணு இங்கதான். எட்டாவது வரிசைக்குத்தான். இவ்ளோ கூட்டத்துல எப்படிடா என்னக் கண்டுபுடிச்ச?

சார், நீங்களே சொல்லுங்க, நான் என்ன... சார்? எங்க போனாரு? பாப்கார்ன மட்டும் வச்சிட்டுப் போயிட்டாரு. கழுவுற மீனுல நழுவுற மீனு! மூணு மணி நேரம் நல்லாத்தான கேட்டுக்கிட்டு இருந்தாரு...

ஏம்மா! ஏய், செக்யூரிட்டி! இங்க! அந்தாள விடுங்க! கையெடும்மா அவன் மேலேர்ந்து! அவன் எறியல! அவனால கண்ணாடியத் தாண்டியே எறிய முடியாது, ஊருக்கே தெரியும்! நான்! ஆர்னி கோஸ்கி! நான்தான் எறிஞ்சேன்! ...ஆமாய்யா, நான்தான், என்ன பாக்கறீங்க, கப்பு மிச்சம் இருந்தா இங்க எறிங்க! வெண்டலு, போ, போயி உன் எடத்துல உக்காரு. ...கேலப்பு! டேய் கேலப்பு! எம் மேலதான்டா தப்பு! கேக்குதா? உம் மேல ஒண்ணும் இல்லடா கண்ணு, நீ போட்டது கோலுடா!

வர்றேன்மா, வர்றேன். இழுக்காத. எங்க வேணா கூட்டிட்டுப் போ, எந்தப் பெட்டியில வேணா உக்கார வையி, வாயத் தொறக்க மாட்டேன். ஆனா போற வழியில அந்த ரெஃபரி நிக்கறான்ல, அங்க மட்டும் ஒரு நிமிஷம் நிறுத்து. அவன்கிட்ட ஒண்ணே ஒண்ணு சொல்லணும். ஏன்னா, நீயே சொல்லும்மா, நீயும் பாத்தல்ல... அது ஆஃப்சைடே கிடையாது!